ஸ்கோர் சொல்லிடாதீங்க, ப்ளீஸ்!

மேட்ச் முடிஞ்ச பிறகு அந்த மேட்ச்சைப் பார்த்திருக்கீங்களா?

ஹைலைட்ஸ் இல்லை பாஸ்... முழு மேட்ச்! ரிசல்ட் ஊருக்கே தெரியும், உங்களுக்கு மட்டும் தெரியாது. லேப் எக்ஸாமை முடிச்சுட்டு, மொபைலை ஆஃப் பண்ணிட்டு, ஹாஸ்டல் காரிடாரில் ரெண்டு காதையும் பொத்திக்கிட்டு ஓடி வந்து ரூம் கதவைச் சாத்துவோம். 'அப்பாடா, இன்னும் எனக்குத் தெரியாது' என்று பெருமூச்சு விடுற அதே செகண்ட்ல ஜன்னல் வழியா ஒரு தலை எட்டிப் பார்க்கும்... “மச்சி, கடைசி ஓவர்ல கவுத்துட்டானுங்கடா!”

அந்தத் தலையை என்ன செய்யலாம் என்று ஒரு தடவையாவது யோசிச்சவங்க எல்லாம் கையைத் தூக்குங்க. தூக்கியாச்சா? வாங்க, உட்காருங்க. இந்தக் கட்டுரை உங்களுக்குத்தான்.

ஆனா நான் சொல்லப்போறது கிரிக்கெட் இல்லை, கூடைப்பந்து. ஊரும் நம்ம ஊர் இல்லை, அமெரிக்காவின் இண்டியானா மாநிலம். ஒரு அக்கா, ஒரு கைக்குழந்தை, ஒரு அம்மா, ஒரு ரெக்கார்டிங் பட்டன். இதுதான் கதை!

கூடை இல்லாத வீடே இல்லை

2025 மே மாதம். அக்காவுக்குத் தலைப் பிரசவம். நம்ம வீடுகள்ல இப்போ இதுதானே வழக்கம்? பொண்ணு அம்மா வீட்டுக்கு வர முடியலைன்னா அம்மா பொண்ணு வீட்டுக்குப் பறந்து போயிடுவாங்க. அம்மாவுக்குத் தனியா ஃப்ளைட் மாறத் தெரியாது என்ற ஒரே தகுதியில், செமஸ்டர் முடிந்த கையோடு நானும் தொற்றிக்கொண்டேன். கூடவே ரெண்டு சூட்கேஸ் நிறைய சுக்கு, பூண்டு, பிரசவ லேகியம்.

மாமாவுக்கு வேலை கொலம்பஸ் என்ற ஊரில். ஒஹையோவில் இருக்கிற பெரிய கொலம்பஸ் இல்லை. இது இண்டியானாவில் இருக்கிற குட்டி கொலம்பஸ். கம்மின்ஸ் டீசல் எஞ்ஜின் கம்பெனியின் தலைமையகம் இருக்கிற ஊர் என்று மெக்கானிக்கல் பசங்க டக்குனு சொல்லிடுவாங்க. இண்டியானாபொலிஸ் அங்கிருந்து காரில் ஒரு மணி நேரத்துக்குள்.

அங்கே போய் இறங்கியதும் நான் கவனிச்ச முதல் விஷயம், கூடை! தெருவுக்கு நாலு வீட்டு கராஜ் வாசலில் கூடைப்பந்து வளையம். வயல்காட்டு நடுவே இருக்கிற களஞ்சியச் சுவர்லகூட ஒரு வளையம். நம்ம ஊர் சந்துச் சுவர்ல கரிக்கோட்டில் ஸ்டம்ப் வரைஞ்சிருக்குமே... அந்த மாதிரி. இண்டியானாவுக்குக் கூடைப்பந்து அவ்வளவு பெரிய பைத்தியம்.

அக்காவுக்கும் அதே பைத்தியம்தான், சின்ன வயசில் இருந்தே. எங்களுக்குப் பெரியகுளம். கோடை வந்தா அகில இந்திய கூடைப்பந்துப் போட்டி நடக்கிற ஊர். அங்கே பிறந்துட்டு பந்தைத் தொடாம வளர முடியாது. அக்கா ஸ்கூல் டீம், மாவட்ட டீம், அப்புறம் யுனிவர்சிட்டி டீம் வரைக்கும் போனவள். பாயிண்ட் கார்டு. அதாவது பந்தைக் கொண்டு வந்து, யார் எங்கே நிக்கிறான்னு பார்த்து, ஆட்டத்தையே நடத்துகிற ஆள். மூன்றாம் வருஷம் ஒரு கேம்ப்புக்குக் கூப்பிட்டபோது, “ஆடினது போதும், கேம்பஸ் இன்டர்வியூவுக்குப் படி” என்று அம்மா நிறுத்தினாங்க. அக்கா ஒரு வார்த்தை பேசலை. ஷூவைக் கழற்றி பரண்ல போட்டாள். வேலை, கல்யாணம், விமானம்... அவ்வளவுதான்.

அம்மா ஒரு தடவைகூட அவள் ஆடிப் பார்த்ததில்லை. இதை ஞாபகம் வெச்சுக்கோங்க.

கைக்குழந்தைக்குக் காலம், நேரம் கிடையாது. ராத்திரி 9:30, 12, 2:30, 5, மறுபடி காலை 7:30 என்று பாப்பா அலாரம் அடிப்பாள். முதல் ரெண்டு வாரம் அக்கா சரியாச் சிரிக்கக்கூட இல்லை. மாடி ரூம், பாப்பா, தலையணை. கேட்டா, “ஒண்ணுமில்லைடா, தூக்கம்” என்பாள். அது தூக்கம் மட்டும் இல்லை என்பது எனக்கே புரிந்தது.

அந்த நேரத்தில்தான் ஊர் முழுக்க மஞ்சள் கொடி பறக்க ஆரம்பிச்சது. இண்டியானா பேசர்ஸ், என்.பி.ஏ. கிழக்குப் பிரிவு இறுதிச் சுற்றுக்கு வந்துட்டாங்க!

மேகத்துக்குள்ளே ஒரு வீடியோ கேசட்

மேட்ச் எல்லாம் ராத்திரி எட்டு, எட்டரைக்குத்தான் ஆரம்பம். முடிய ரெண்டரை மணி நேரம் ஆகும். அதே நேரத்தில்தான் பாப்பாவும் தன் மேட்ச்சை ஆரம்பிப்பாள். அக்கா எப்படிப் பார்க்கிறது?

மாமா ரிமோட்டை எடுத்து ஒரே ஒரு பட்டனை அமுக்கினார். “பேசர்ஸ் மேட்ச் எல்லாத்தையும் எடுத்து வெச்சுக்கோ” என்பதுதான் அதற்கு அர்த்தம். முடிஞ்சது!

இதுதான் கிளவுட் டி.வி.ஆர். அமெரிக்காவில் நிறைய பேர் கேபிளைப் பிடுங்கிப் போட்டுட்டு, மாசச் சந்தா கட்டி, இன்டர்நெட்டிலேயே சேனல்களை லைவாகப் பார்க்கிறாங்க. அந்த சர்வீஸ்களோடு வர்ற வசதி இது. வீட்டில் கேசட் கிடையாது, பெட்டி கிடையாது, ஹார்டு டிஸ்க் கிடையாது. நீங்க பட்டன் அமுக்கினதும், எங்கேயோ இருக்கிற கம்பெனி சர்வர்ல உங்க கணக்கில் அந்த நிகழ்ச்சி ஏறிடும். மாடி டி.வி.யில் பாதி, மொபைல்ல மீதி என்று எங்கே விட்டீங்களோ அங்கே இருந்து பார்க்கலாம். லைவ் ஓடிக்கிட்டு இருக்கும்போதே முதல்ல இருந்து ஆரம்பிக்கலாம்.

எஞ்ஜினீயரிங் படிக்கிறேன், ஒரு பாரா எனக்கு விடுங்க! லைவ் ஸ்ட்ரீமிங் என்பது ஆறு மாதிரி ஓடுற வீடியோ இல்லை. சில விநாடி நீளத்துக்குத் துண்டு துண்டா நறுக்கி, வரிசை நம்பர் போட்டு அனுப்புறாங்க. உங்க டி.வி. அந்தத் துண்டுகளை வாங்கி ஒட்டிக் காட்டுது. அந்தத் துண்டுகளைத் தூக்கிப் போடாம அடுக்கி வெச்சா, அதுதான் ரெக்கார்டிங். சிம்பிள்!

ஆனா சட்டம் அவ்வளவு சிம்பிளா இல்லை. வீட்டில் டி.வி. நிகழ்ச்சியைப் பதிவு செய்து பிறகு பார்ப்பது குற்றமா என்று அமெரிக்காவில் பெரிய வழக்கே நடந்தது. சோனியின் பீட்டாமேக்ஸ் ரெக்கார்டர் மேல சினிமா கம்பெனிகள் போட்ட கேஸ். 1984-ல் சுப்ரீம் கோர்ட், 'பிறகு பார்ப்பதற்காக வீட்டில் பதிவு செய்வது தப்பில்லை' என்றது. எத்தனை நீதிபதிகள் ஆதரவு தெரியுமா? 5-க்கு 4! ஒரே ஓட்டு. கடைசி செகண்ட் கூடை மாதிரி!

1999-ல் டிவோ என்ற பெட்டி வந்தது. கேசட் போய் ஹார்டு டிஸ்க். 2006-ல் கேபிள்விஷன் என்ற கம்பெனி, “பெட்டி எதுக்கு? எங்க இடத்திலேயே பதிவு பண்ணித் தர்றோம்” என்று கிளம்பியது. உடனே கேஸ். 2008-ல் அப்பீல் கோர்ட் கேபிள்விஷன் பக்கம் தீர்ப்பு சொன்னது. அதில் முக்கியமான பாயிண்ட், ஒவ்வொரு சந்தாதாரருக்கும் அவர் பட்டன் அமுக்கி உருவாகிற தனித்தனி நகல் என்பது. ஒரே மேட்ச்சை ஆயிரம் பேர் பதிவு பண்ணினா ஆயிரம் நகல்! டேட்டா ஸ்ட்ரக்சர்ஸ் சார் கேட்டா தலையில் அடிச்சுக்குவார். ஆனா அந்தத் தீர்ப்புதான் இன்றைய கிளவுட் டி.வி.ஆருக்கு வழிவிட்டது. 2017-ல் யூ-டியூப் டி.வி. வந்தபோது, எவ்வளவு வேணும்னாலும் பதிவு செய்யலாம், ஒவ்வொன்றும் 9 மாதம் இருக்கும் என்று சொல்லித்தான் வந்தது.

“ஒம்போது மாசமா? பத்து மாசம்கூட வெச்சிருக்க மாட்டானாமா?” - இது எங்கம்மா.

ஒரு ஃபீடுக்கு ஒரு குவார்ட்டர்

என்.பி.ஏ. ஆட்டம் நாலு குவார்ட்டர். ஒவ்வொன்றும் 12 நிமிஷம். ஆக, உண்மையான ஆட்டம் 48 நிமிஷம்தான். மீதி நேரம் எல்லாம் டைம்-அவுட், விளம்பரம், ஃப்ரீ த்ரோ, ரெஃப்ரீ டி.வி.யை உத்து உத்துப் பார்க்கிறது. ரெக்கார்டிங்கில் இதை எல்லாம் தாண்டிட்டா ஒரு குவார்ட்டர் அரை மணி நேரத்துக்குள்ளே அடங்கிடும். பாப்பா பால் குடிக்கவும் ஏறக்குறைய அதே நேரம்.

அக்கா கணக்குப் போட்டாள். ஒரு ஃபீடுக்கு ஒரு குவார்ட்டர்!

9:30-க்கு முதல் குவார்ட்டர். 12 மணிக்கு ரெண்டாவது. 2:30-க்கு மூன்றாவது. விடியக்காலை 5 மணிக்குக் கடைசி. ஊருக்கு ரெண்டரை மணி நேரத்தில் முடிஞ்ச மேட்ச், அக்காவுக்கு ராத்திரி முழுக்க நடக்கும். எழுந்திருக்கவே வெறுப்பா இருந்த ராத்திரி, அடுத்த குவார்ட்டருக்காகக் காத்திருக்கிற ராத்திரியா மாறிடுச்சு.

முதல் நாள் அம்மா சாமியாடிட்டாங்க. “பச்ச ஒடம்புக்காரி ராவுல டி.வி. பாக்கலாமாடி? கண்ணு என்னத்துக்கு ஆகும்?”

“எப்படியும் முழிச்சுத்தானம்மா இருக்கேன். செவுத்தைப் பாக்குறதுக்கு இதைப் பாக்குறேன்” என்றாள் அக்கா. அம்மாவுக்குப் பதில் தெரியலை.

ஆனா மெஷின் வீடியோவைத்தான் பத்திரமா வெச்சிருக்கும். 'என்ன ஆச்சுன்னு இன்னும் தெரியாது' என்ற விஷயத்தை மெஷின் காப்பாத்தாது. அதை வீட்டில் இருக்கிற மனுஷங்கதான் காப்பாத்தணும். அதுக்கு அக்கா போட்ட சட்டங்களைக் கேளுங்க.

ஒன்று, அக்காவின் மொபைல் ராத்திரி எட்டு மணிக்கு மாமா கையில் சரண்டர். நோட்டிஃபிகேஷன் வந்து தொலைக்கும்.

ரெண்டு, செட்டிங்ஸில் ஸ்கோரை மறைக்கிற வசதி இருந்தா முதல்ல அதை ஆன் பண்ணணும். இல்லைன்னா லிஸ்ட்டைத் திறந்ததும் படமும் ஸ்கோருமா வந்து பல்லை இளிக்கும்.

மூன்று, டி.வி.யின் கீழ்ப்பக்கத்தில் பாப்பாவின் துணி ஒன்று தொங்கும். எதுக்கா? வீடியோவுக்கு அடியில் நீளமா ஒரு கோடு ஓடுமே... எவ்வளவு ஓடிச்சு, எவ்வளவு பாக்கின்னு காட்டுற கோடு. அதைப் பார்த்துட்டா கதை தெரிஞ்சிடும். கடைசி குவார்ட்டர் முடியப் போகுது, கோட்டில் இன்னும் அரை மணி நேரம் பாக்கி இருக்குன்னா, ஆட்டம் சமனாகி எக்ஸ்ட்ரா டைம் போயிருக்குன்னு சின்னக் குழந்தையும் சொல்லிடும். கோடிக்கணக்கில் செலவு பண்ணி உருவாக்கிய டெக்னாலஜிக்கு எங்க அக்கா போட்ட பேட்ச், ஒரு முழம் மல் துணி!

நாலு, முகத்தை வெச்சும் காட்டிக் கொடுக்கக் கூடாது. இதுதான் எல்லாத்தையும்விடக் கஷ்டம். ஏன்னா நானும் மாமாவும் கீழே ஹாலில் லைவாப் பார்ப்போம்.

மே 22, விடியக்காலை அஞ்சு மணி

முன்னாடி அக்கா வீட்டில் வேற ஒரு சர்வீஸ் இருந்ததாம். பேர் வேண்டாமே! நிகழ்ச்சி நிரலில் ரெண்டரை மணி நேரம் போட்டிருந்தா கரெக்டா ரெண்டரை மணி நேரம்தான் பதிவாகும். ஒரு மேட்ச் எக்ஸ்ட்ரா டைமுக்குப் போனபோது, பந்து கூடையைப் பார்த்துப் பறக்கிற நேரத்தில் ரெக்கார்டிங் கட்! சினிமாவுக்குப் போய் கிளைமாக்ஸில் கரண்ட் போன கதை. கூடைப்பந்தில் கடைசி ரெண்டு நிமிஷம்தான் ஜவ்வு மாதிரி இழுக்கும், ஜீவனும் அதில்தான் இருக்கும். இப்போ பல சர்வீஸ்களில் மேட்ச் நீண்டா ரெக்கார்டிங்கும் தானா நீளும். ஆனாலும் சூடுபட்ட மாமா, மேட்ச்சுக்கு அடுத்த நிகழ்ச்சியையும் சேர்த்துப் பதிவுக்குப் போட்டுவிடுவார்.

மே 21-ம் தேதி கிழக்குப் பிரிவு இறுதிச் சுற்றின் முதல் ஆட்டம். நியூயார்க் மேடிசன் ஸ்கொயர் கார்டனில், நியூயார்க் நிக்ஸுக்கு எதிரா. நாங்க லைவ்ல பார்த்து, தலைகாணியைக் கடிச்சு, சத்தம் வராம குதிச்சு, படுத்தோம். தூக்கம் வந்தால்தானே? அஞ்சு மணிக்கு மாடியில் பாப்பா சத்தம் கேட்டதும், சூடா வெந்நீர் கொண்டு போற சாக்கில் நானும் மேலே போயிட்டேன். அம்மா ஏற்கெனவே அங்கே உட்கார்ந்திருந்தாங்க, முதுகைச் சுவரில் சாய்ச்சுக்கிட்டு.

கடைசி குவார்ட்டர். 2 நிமிஷம் 51 செகண்ட்தான் பாக்கி. நிக்ஸ் 14 பாயிண்ட் முன்னிலை. பாப்பா குடிச்சு முடிச்சுத் தூங்கிட்டாள்.

அக்கா ரிமோட்டை எடுத்தாள். “அவ்வளவுதான்டா. போச்சு. நான் தூங்குறேன்.”

ஃப்ரெண்ட்ஸ், என் நிலைமையை யோசிச்சுப் பாருங்க. அடுத்த மூணு நிமிஷத்தில் என்ன நடக்கும்னு எனக்குத் தெரியும். “முழுசாப் பாருக்கா” என்று சொன்னா அதுவே ஸ்பாய்லர்! சொல்லலைன்னா இந்த வருஷத்தின் மிகப் பெரிய ஆட்டத்தின் ஜீவனையே அவள் இழந்துடுவாள். நான் வெந்நீர் ஃபிளாஸ்க்கின் மூடியை வெறிச்சுப் பார்த்துக்கிட்டு நின்னேன். அஞ்சு தடவை திறந்து மூடியிருப்பேன்.

எதுவுமே தெரியாத அம்மாதான் பேசினாங்க. “பாப்பாவை என்கிட்ட குடு. பாதியில எந்திரிக்காதடி... முழுசாப் பாரு.”

அக்கா அம்மாவைத் திரும்பிப் பார்த்தாள். ரெண்டு பேரும் ஒண்ணும் சொல்லலை. பாப்பா கை மாறினாள். அக்கா ப்ளே பட்டனை அமுக்கினாள்.

ஆரோன் நெஸ்மித் என்ற ஆட்டக்காரர் தூரத்தில் இருந்து மூணு மூணு பாயிண்ட்டா போட்டுக்கிட்டே இருந்தார். அந்த ஒரு குவார்ட்டரில் மட்டும் ஆறு த்ரீ-பாயிண்டர்! கடைசி நொடி, பேசர்ஸ் பாயிண்ட் கார்டு டைரீஸ் ஹாலிபர்ட்டன் எறிந்த பந்து வளையத்தின் பின்பக்கத்தில் பட்டு, உயர எழும்பி, 'போகட்டுமா, வேணாமா'ன்னு யோசிச்சு, நேரா கூடைக்குள் விழுந்தது. ஜெயிச்சுட்டோம்னு நினைச்சு அவர் தன் கழுத்தைத் தானே பிடிச்சுக்காட்டினார். 1994-ல் இதே அரங்கத்தில் பேசர்ஸின் ரெஜி மில்லர் செய்த அதே சைகை. ஆனா ஹாலிபர்ட்டனின் கால் கோட்டில் பட்டிருந்ததால் மூணு இல்லை, ரெண்டு பாயிண்ட்தான். 125-125. எக்ஸ்ட்ரா டைம்!

அக்கா வாயைப் பொத்திக்கிட்டு அழுதாள். பாப்பா எழுந்துடுவாளே!

“அந்தப் பையன் ஏன்டி கழுத்தைப் பிடிச்சான்? விக்கிக்கிச்சா?” என்றாங்க அம்மா. அக்கா சிரிச்சுக்கிட்டே விளக்கினாள். அப்புறம் அம்மா கேட்டாங்க, “நீ ஆடறப்போ எந்த இடத்துல நிப்ப?”

அக்கா திரையைக் காட்டினாள். “இப்போ இவன் நிக்கிறான் பாரு, அந்த இடம்.”

அம்மா ரொம்ப நேரம் அந்த இடத்தையே பார்த்துக்கிட்டு இருந்தாங்க.

பேசர்ஸ் 138-135 என்று ஜெயிச்சது, எங்க வீட்டில் ஏழரை மணி ஃபீடின்போது! மறுநாளில் இருந்து, அக்கா மொபைலை மாமாகிட்ட சரண்டர் பண்ணினாளா என்று செக் பண்ற வேலையை அம்மா எடுத்துக்கிட்டாங்க.

லைவ் என்பதே லைவ் இல்லை!

ஜூன் 5, ஃபைனல்ஸ் முதல் ஆட்டம். ஓக்லஹோமா சிட்டி தண்டருக்கு எதிரா. நானும் மாமாவும் ஹாலில் லைவ். கடைசி சில செகண்ட்கள். திடீர்னு பக்கத்து வீட்டுத் தாத்தா வானமே இடியுற மாதிரி கத்தினார். எங்க டி.வி.யில் பந்து இன்னும் யார் கையில் போகும்னே தெரியலை! கொஞ்ச நேரம் கழிச்சு எங்க டி.வி.யில் ஹாலிபர்ட்டன் பந்தை எறிஞ்சார். 0.3 செகண்ட் பாக்கி. 111-110. அந்த ஆட்டம் முழுக்க பேசர்ஸ் முன்னிலையில் இருந்தது அந்த 0.3 செகண்ட் மட்டும்தான்!

தாத்தா வீட்டில் ஆன்டெனா. ஏ.பி.சி. சேனல் அதில் ஓசியிலேயே, உடனே வந்துடும். எங்களுக்கோ வீடியோவை நறுக்கி, சுருக்கி, அனுப்பி, ஒட்டி... இன்டர்நெட் லைவ் அரை நிமிஷம் வரைக்கும்கூட பின்தங்கி வரும். ஆக, 'லைவ்' பார்த்த எங்களுக்கு ஸ்பாய்லர். மாடியில் தூங்கின அக்காவுக்கு, விடியக்காலை ரெக்கார்டிங்கில் முழு சஸ்பென்ஸ்! எது லைவ், எது பழசு? எல்லாருமே கொஞ்சம் தாமதமாத்தான் பார்க்கிறோம். எவ்வளவு தாமதம், அதை யார் முடிவு பண்றாங்க என்பதுதான் கேள்வி.

இதுக்கு ஒரு பழைய உதாரணம். 1980 மே 16, என்.பி.ஏ. ஃபைனல்ஸ் ஆறாவது ஆட்டம். கரீம் அப்துல்-ஜப்பார் காயத்தால் ஆடலை. அவர் இடத்தில் லேக்கர்ஸுக்காக இறங்கிய மேஜிக் ஜான்சன் 42 பாயிண்ட் எடுத்துக் கோப்பையை வாங்கித் தந்தார். அப்போ அவருக்கு வயசு 20. (என் வயசு! நான் இன்னும் அரியர் வைக்காம இருக்கவே போராடிக்கிட்டு இருக்கேன்.) ஆனா அதை அமெரிக்காவின் பெரும்பாலான ஊர்கள்ல லைவாகக் காட்டவே இல்லை. சி.பி.எஸ். சேனல் ராத்திரி பதினொன்றரை மணிக்கு, ரெக்கார்டிங்காகத்தான் போட்டது. சேனல் சொல்ற நேரத்தில், ஊர் தூங்கின பிறகு, கண் முழிச்சுப் பார்க்கணும்.

என் அக்காவும் கண் முழிச்சு ரெக்கார்டிங்தான் பார்த்தாள். ஒரே வித்தியாசம், நேரத்தை முடிவு பண்ணினது சேனல் இல்லை... அவளும் அவள் பொண்ணும்!

நிறுத்தினா நின்னுடுமா?

ஜூன் 22, ஏழாவது ஆட்டம். ஜெயிச்சா கோப்பை. பேசர்ஸ் அதுவரைக்கும் என்.பி.ஏ. பட்டம் வாங்கினதே இல்லை. “இன்னைக்கு ரெக்கார்டிங் வேணாம். எல்லாரோடையும் பார்க்கணும்” என்று பாப்பாவைத் துணியில் கட்டிக்கிட்டு அக்கா கீழே இறங்கி வந்தாள். ஜன்னலைச் சாத்தி, தாத்தாவின் சத்தத்தைத் தடுத்து, அஞ்சு பேரும் ஒரே சோபாவில்.

முதல் குவார்ட்டரிலேயே ஹாலிபர்ட்டன் மூணு த்ரீ-பாயிண்டர் போட்டார். வீடு அதிர்ந்தது. அடுத்த சில நிமிஷத்தில் பந்தோடு முன்னால் பாய்ந்தவர், யாரும் இடிக்காமலேயே கீழே விழுந்தார். தரையைக் கையால் அடிச்சார். குதிகால் தசைநார் அறுந்துடுச்சு.

அக்கா சட்டென்று ரிமோட்டை எடுத்து பாஸ் பட்டனை அமுக்கினாள்.

திரையில் அவர் அப்படியே நின்னார். யாரும் பேசலை. பாப்பா கொட்டாவி விட்டாள். ஒரு நிமிஷம் இருக்கும். இந்த டெக்னாலஜியை வெச்சுக்கிட்டு ராத்திரியை நீட்டினோம், விளம்பரத்தைத் தாண்டினோம், ரிசல்ட்டை ஒத்திப் போட்டோம். ஆனா ஓக்லஹோமாவில் நடந்தது நடந்ததுதான். நிறுத்தி வெச்சா மாறிடாது.

“போடுடி. அவனே எந்திரிச்சு நடந்துருப்பான்” என்றாங்க அம்மா. அவர் நடக்கலை. மத்தவங்கதான் தாங்கிக் கூட்டிட்டுப் போனாங்க. 103-91, தண்டருக்குக் கோப்பை. அக்கா கடைசி செகண்ட் வரைக்கும் எழுந்திருக்கவே இல்லை.

மேகம் கலையும்!

இவ்வளவு சொல்லிட்டு ஒரு எச்சரிக்கை சொல்லலைன்னா எஞ்ஜினீயர் இல்லை. மேகத்தில் இருக்கிறது உங்க சொத்து இல்லை. கேசட்டா இருந்தா பீரோவில் பூட்டி வெச்சுக்கலாம். இது நாள் எண்ணி அழியும். சந்தா நின்னா காணாமல் போகும். கம்பெனிங்க சண்டை போட்டாலும் காணாமல் போகும். 2025 அக்டோபர் 30-ம் தேதி யூ-டியூப் டி.வி.க்கும் டிஸ்னிக்கும் ஒப்பந்தத் தகராறு முற்றி ஈ.எஸ்.பி.என்., ஏ.பி.சி. எல்லாம் மறைஞ்சபோது, ஜனங்க அந்த சேனல்கள்ல பதிவு பண்ணி வெச்சிருந்ததும் சேர்ந்து மறைஞ்சது. நவம்பர் 14-ல் சமாதானம் ஆன பிறகுதான் எல்லாம் திரும்பி வந்தது. 'என் ரெக்கார்டிங்' என்று நாம சொல்றோம். அது அவங்க அலமாரியில் நமக்கு ஒதுக்கின ஒரு தட்டு, அவ்வளவுதான்.

மே 21 ஆட்டமும் அப்படித்தான். என்றைக்காவது அந்த லிஸ்ட்டில் இருந்து அது போயிடும். அக்காகிட்ட போன்ல கேட்டேன். “போகட்டும்டா. அதைத் திரும்பிப் பார்க்கவா வெச்சிருந்தேன்? அம்மாகூட ஒரு தடவை பார்த்தாச்சே!” என்றாள். அப்புறம் ஒரு நியூஸ் சொன்னாள். கராஜ் வாசல்ல ஒரு கூடை மாட்டச் சொல்லி ஐடியா கொடுத்தது யாராம் தெரியுமா? பெரியகுளத்தில் இருந்து வீடியோ காலில்... எங்கம்மா!

நம்ம ஊரில் இருந்து என்.பி.ஏ. பார்க்கிற மக்களுக்கும் இதே ரூல்ஸ்தான். அங்கே ராத்திரி எட்டரைன்னா, அவங்க கோடையில் நமக்கு விடியக்காலை ஆறு மணி. காலேஜ் பஸ்ஸா, மேட்ச்சா? பஸ்ஸைப் பிடிங்க பாஸ், அட்டெண்டன்ஸ் முக்கியம்! லீக் பாஸ் மாதிரியான சந்தாவில் சாயங்காலம் முழு ஆட்டத்தையும் போட்டுப் பார்த்துக்கலாம். நோட்டிஃபிகேஷனை ஆஃப் பண்ணுங்க. வாட்ஸ்அப் க்ரூப்பைத் தொடாதீங்க. அந்தக் கோட்டுக்கு மேல ஒரு பேப்பரை ஒட்டுங்க.

பட்டன் எந்த ஆட்டத்தை வேணும்னாலும் எடுத்து வைக்கும். அதுக்குள்ளே இருக்கிற 'அடுத்து என்ன?' மட்டும் அடுத்தவங்க வாயை நம்பித்தான் இருக்கு. அதனால, கேன்டீன்ல எதிரே இருக்கிறவர் “நான் இன்னும் பார்க்கலை” என்று சொன்னா, கொஞ்சம் யோசிங்க. அவர் அந்த ரெண்டு மணி நேரத்தை எங்கிருந்து, எதை விட்டுக்கொடுத்து மிச்சம் பிடிச்சு வெச்சிருக்கார்னு நமக்குத் தெரியாது.

சமோசாவை வாயில் வெச்சுக்கோங்க. ஸ்கோரை மட்டும் முழுங்கிடுங்க!